ஜாக் பிளான்ட்: முகமூடியைக் கண்டுபிடிக்காதவரின் கதை

சில வருடங்களுக்கு முன்னால் ஆபீஸில் புதிதாகச் சேர்ந்த பசங்களுக்கு அரை மணி நேரம் பேசச் சொன்னார்கள். தலைப்பு, 'புதுமை'. எனக்கு விளையாட்டு வரலாறு படிக்கிற பழக்கம் உண்டு என்பதால் ஐஸ் ஹாக்கியிலிருந்து ஒரு கதையை எடுத்துக்கொண்டேன். ஸ்லைடில் ஒரு பழைய கறுப்பு வெள்ளைப் படம். முகம் முழுக்க வெள்ளையாக, கண்ணுக்கு இரண்டு ஓட்டையும் வாய்க்கு ஒரு ஓட்டையும் வைத்த முகமூடியோடு ஒரு மனிதர். கீழே ஒரு வரி: 'ஜாக் பிளான்ட், கோல்கீப்பர் முகமூடியைக் கண்டுபிடித்தவர், 1959.'

பேச்சு முடிந்ததும் வீடியோ காலில் இருந்த கனடாக்கார சீனியர் ஒருவர் தயங்கித் தயங்கி ஒரு விஷயம் சொன்னார். கியூபெக் மாநிலத்து மனிதர். "அவர் அதைக் கண்டுபிடிக்கவில்லை. அடிபட்ட அன்றைக்கு அது அவரிடமே இருந்தது. பயிற்சியில் போட்டுக்கொண்டுதான் இருந்தார். ஆட்டத்தில் போட விடவில்லை, அவ்வளவுதான்."

நான் சிரித்துச் சமாளித்துவிட்டேன். ஆனால் அந்த 'அவ்வளவுதான்' என்னை விடவில்லை. அதற்கப்புறம் கிடைத்த நேரத்தில் எல்லாம் இந்த மனிதரைப் பற்றிப் படித்துக்கொண்டே இருந்தேன். படித்தபின் என் ஸ்லைடில் இருந்தது வெறும் தகவல் பிழை இல்லை, கதையையே தலைகீழாகச் சொல்லியிருக்கிறேன் என்று புரிந்தது. அதைச் சரிசெய்யத்தான் இந்தக் கட்டுரை.

முதலில் ஆட்டம்

ஐஸ் ஹாக்கி பார்க்காதவர்களுக்காகச் சுருக்கமாக. பந்துக்குப் பதில் 'பக்' என்கிற கெட்டியான ரப்பர் வட்டு. மூன்று அங்குல விட்டம், ஒரு அங்குலத் தடிமன், எடை ஏறத்தாழ 160, 170 கிராம். பனித்தரையில் துள்ளாமல் வழுக்கிப் போகவேண்டும் என்பதற்காக ஆட்டத்துக்கு முன்னால் அதை உறைய வைப்பார்கள். ஆக, உறைந்த ரப்பர் கல். அதை மட்டையால் ஓங்கி அடித்தால் மணிக்கு 150 கிலோமீட்டருக்கும் மேல் வேகம் வரும். கோல் கம்பத்தின் அளவு ஆறடி அகலம், நாலடி உயரம். அதன் முன்னால் நின்று அந்தக் கல்லைத் தடுப்பதுதான் கோல்கீப்பர் வேலை.

காலுக்குப் பெரிய பேட், நெஞ்சுக்குக் கவசம், கைக்குத் தடிமனான கையுறை என்று எல்லாம் வந்துவிட்டது. முகத்துக்கு மட்டும் ஒன்றும் இல்லை. வடஅமெரிக்காவின் தலையாய போட்டியான என்.எச்.எல். தொடங்கியது 1917இல். அதிலிருந்து 1959 வரை, நாற்பத்திரண்டு வருடம், கோல்கீப்பர்கள் வெறும் முகத்தோடுதான் நின்றார்கள். இடையில் ஒரே ஒரு சின்ன விதிவிலக்கு. அதற்குப் பிறகு வருகிறேன்.

இதைக் கேட்டால் நமக்கு முதலில் தோன்றுவது, 'அந்தக் காலத்தில் அப்படி ஒரு யோசனை யாருக்கும் வரவில்லை போல' என்பதுதான். நானும் அப்படித்தான் நினைத்தேன். அதுதான் தப்பு.

தொப்பி பின்னும் பையன்

ஜாக் பிளான்ட் பிறந்தது 1929 ஜனவரி 17ஆம் தேதி, கியூபெக் மாநிலத்தில் ஷாவினிகனுக்குப் பக்கத்தில் ஒரு கிராமத்தில். பிரெஞ்சு உச்சரிப்பில் சொன்னால் 'ழாக் ப்ளாந்த்' மாதிரி வரும். ஆங்கில வழக்கில் பழகிவிட்டதால் நான் பிளான்ட் என்றே எழுதுகிறேன். வீட்டில் பதினோரு பிள்ளைகள், இவர் மூத்தவர். அப்பாவுக்குத் தொழிற்சாலை வேலை. கையில் பணம் தங்காத குடும்பம். மூத்த பிள்ளைக்கு அம்மா சமையலும் பின்னல் வேலையும் சொல்லிக்கொடுத்தார். குளிர்காலத்துக் கம்பளித் தொப்பியைத் தானே பின்னிப் போட்டுக்கொள்வார். புகழின் உச்சியில் இருந்த காலத்திலும், அணியோடு பயணம் போகும்போது பின்னல் ஊசியோடுதான் உட்கார்ந்திருப்பார்.

ஆஸ்துமா உண்டு. நீண்ட நேரம் சறுக்கி ஓடினால் மூச்சு வாங்கும். கோல்கீப்பரானது அதனால்தான். ஓட வேண்டாம், நின்ற இடத்தில் நிற்கலாம். தொழிற்சாலை அணி ஒன்றுக்கு ஆடியபோது, அப்பா கேட்கச் சொன்னதால் கேட்டு, ஆட்டத்துக்கு 50 சென்ட் வாங்கினார் என்று சொல்வார்கள். அதுதான் முதல் சம்பளம். கேட்டால்தான் கிடைக்கும் என்பதைச் சின்ன வயதிலேயே கற்றுக்கொண்ட ஆள் என்று இதை வைத்துச் சொல்லலாமா தெரியாது. எனக்குச் சொல்லத் தோன்றுகிறது.

ஓட முடியாத பையன் என்றாலும், நின்ற இடத்தில் நிற்கவும் இல்லை. ஆரம்ப காலத்தில் அவர் ஆடிய அணியில் தடுப்பாட்டக்காரர்கள் சுமார். எதிரணி அடித்த பக் கோலுக்குப் பின்னால் போனால் இவர்கள் திரும்பிப் போய் எடுப்பதற்குள் எதிராளி எடுத்துவிடுவார். பிளான்ட் பார்த்தார், கோலை விட்டு வெளியே வந்து தானே பின்னால் போய் பக்கை நிறுத்தி, சக வீரருக்குத் தள்ளிவிட ஆரம்பித்தார். பார்த்தவர்களுக்குப் பகீர் என்றது. கோலைக் காலியாக விட்டுவிட்டுப் போகிற கோல்கீப்பரா? இன்றைக்கு இதைச் செய்யாத என்.எச்.எல். கோல்கீப்பரே கிடையாது.

கம்பளித் தொப்பியைப் பெரிய லீகிலும் போட்டுக்கொள்ள ஆசைப்பட்டார். மாண்ட்ரியால் கனேடியன்ஸ் அணியின் அப்போதைய பயிற்சியாளர் டிக் இர்வின், கூடாது என்றுவிட்டார். பிளான்ட் விட்டுக்கொடுத்தார். புதுப் பையன், வேறு வழியில்லை. இந்தத் தொப்பி விஷயத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

ஆறே ஆறு வேலை

1952-53இல் மாண்ட்ரியாலுக்காக முதல்முறை ஆடினார். 1954-55இலிருந்து அவர்தான் முதன்மை கோல்கீப்பர். டோ பிளேக் பயிற்சியாளராக வந்த பிறகு, 1956 முதல் 1960 வரை, தொடர்ந்து ஐந்து வருடம் மாண்ட்ரியால் ஸ்டான்லி கோப்பையை வென்றது. அதற்கு முன்னும் சரி பின்னும் சரி, வேறு எந்த அணியும் தொடர்ந்து ஐந்து முறை வென்றதில்லை. மொரீஸ் ரிச்சர்ட், ஜான் பெலிவோ, டக் ஹார்வி என்று பெரிய தலைகள் இருந்த அணி. குறைவாக கோல் வாங்கிய அணியின் கோல்கீப்பருக்கு அந்தக் காலத்தில் கொடுத்த வெசினா விருது அந்த ஐந்து வருடமும் பிளான்ட்டுக்குத்தான்.

இப்போது அந்த லீக் எப்படி நடந்தது என்று பார்க்கவேண்டும். 1942லிருந்து 1967 வரை என்.எச்.எல்.லில் ஆறே அணிகள். மாண்ட்ரியால், டொராண்டோ, பாஸ்டன், நியூயார்க், டெட்ராய்ட், சிகாகோ. ஒரு அணிக்கு ஒரு கோல்கீப்பர். மாற்று ஆள் என்று பெஞ்சில் ஒருவரும் உட்கார்ந்திருக்க மாட்டார். அதாவது உலகத்திலேயே இந்தத் தொழிலில் உச்ச வேலை ஆறே ஆறு. கீழ் லீகுகளில் அந்த ஆறு இடத்துக்காக நல்ல கோல்கீப்பர்கள் வரிசையில் காத்துக்கொண்டிருந்தார்கள்.

ஆடும்போது கோல்கீப்பருக்கு அடிபட்டால்? உள்ளே கூட்டிப்போய் தையல் போடுவார்கள். அதுவரை ஆட்டம் நிற்கும். தையல் போட்டுத் திரும்பி வருவார். வரவே முடியாத நிலை என்றால், உள்ளூர் அணி கைவசம் வைத்திருக்கும் யாரோ ஓர் அமெச்சூர் ஆடுவார். 1928 இறுதிப் போட்டியில் நியூயார்க் ரேஞ்சர்ஸ் கோல்கீப்பர் லார்ன் ஷாபோவுக்குக் கண்ணில் அடிபட்டபோது, அணியின் பயிற்சியாளர் லெஸ்டர் பேட்ரிக், 44 வயது மனிதர், தானே பேடைக் கட்டிக்கொண்டு கோலில் நின்றார். ஜெயித்தும்விட்டார்கள். இந்தக் கதையை வீரகாவியம் மாதிரி இன்றைக்கும் சொல்வார்கள். எனக்கு அதைப் படிக்கும்போது தோன்றியது வேறு. பேக்கப் இல்லாமல் ஒரே சர்வரை வைத்து ஓட்டிவிட்டு, அது படுத்ததும் மேனேஜரே ராத்திரி உட்கார்ந்து சரிசெய்ததைப் பாராட்டி மெயில் போடுவது மாதிரி.

அன்றைக்கு எதிர்ப்பக்கக் கோலில் நின்றவர் கிளின்ட் பெனடிக்ட். நான் முதலில் சொன்ன விதிவிலக்கு இவர்தான். 1930இல் ஹோவி மோரன்ஸ் அடித்த பக் அவர் முகத்தை உடைத்தது. சில வாரம் கழித்து தோலால் செய்த ஒரு முகமூடியோடு திரும்பி வந்தார். மூக்கை மூடிய பகுதி பார்வையை மறைத்தது. சில ஆட்டங்களில் அதைக் கழற்றிவிட்டார். என்.எச்.எல்.லில் அவருக்கு அதுவே கடைசி சீசன். அதற்கும் முன்னால், 1927இல், கனடாவின் குயீன்ஸ் பல்கலைக்கழகப் பெண்கள் அணியின் கோல்கீப்பர் எலிசபெத் கிரஹாம், வாள்வீச்சுக்குப் போடுகிற கம்பிவலை முகமூடியை மாட்டிக்கொண்டு ஆடியிருக்கிறார்.

ஆக, யோசனை 1927இலேயே இருந்தது. என்.எச்.எல். மைதானத்துக்கே 1930இல் வந்துவிட்டது. பிறகு ஏன் இன்னும் 29 வருடம்?

முகமூடி செய்தவர்

பிளான்ட்டின் முகத்தில் எத்தனை எலும்பு உடைந்தது என்று எண்ணுவது சிரமம். மூக்கு பலமுறை. கன்ன எலும்புகள் இரண்டும் உடைந்தது ஆட்டத்தில்கூட இல்லை, பயிற்சியில், சொந்த அணிக்காரர்கள் அடித்த பக்கில். அதற்கப்புறம் 1956 வாக்கில் பயிற்சியின்போது பிளாஸ்டிக்கில் செய்த ஒரு கவசத்தைப் போட ஆரம்பித்தார். மூச்சுக்காற்றில் அது மங்கிப்போகும், வெளிச்சம் பட்டால் கண் கூசும். இருந்தாலும் போட்டார். பயிற்சியாளர் பிளேக், பயிற்சியில் மட்டும் சரி என்றார்.

1958இல் ஓர் ஆட்டத்தில் பிளான்ட்டுக்கு நெற்றியில் பலமாக அடிபட்டது. அதைப் பார்த்துக்கொண்டிருந்தவர்களில் ஒருவர் பில் பர்ச்மோர். கண்ணாடியிழைப் பொருள்கள் தயாரிக்கிற நிறுவனத்தில் விற்பனைப் பிரிவில் வேலை. அதான், நம்மூரில் ஃபைபர் கிளாஸ் என்று சொல்கிறோமே, அதுதான். ஒரு மனிதனின் முகத்தை அச்சு எடுத்து, அதன் மேலே ஃபைபர் கிளாஸை ஒட்டி வார்த்தால், முகத்தோடு தோலைப் போல ஒட்டி உட்காரும், பார்வையையும் மறைக்காது என்று அவருக்குத் தோன்றியது. பிளான்ட்டுக்குக் கடிதம் எழுதினார். பிளான்ட் முதலில் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. பிறகு சம்மதித்தார். முகத்தில் பிளாஸ்டர் பூசி அச்சு எடுத்தார்கள். 1959 சீசனுக்கு முகமூடி தயார். எடை 14 அவுன்ஸ், 400 கிராம் கிட்டத்தட்ட.

கண்டுபிடித்தவர் என்று ஒருவரைச் சொல்லியே ஆகவேண்டும் என்றால் பர்ச்மோரைச் சொல்லலாம். என் ஸ்லைடில் அவர் பெயரே இல்லை.

முகமூடி தயார். போட ஆள் தயார். பிளேக் மட்டும் தயாரில்லை.

பிளேக்கை வில்லனாக்கிவிட்டுப் போவது சுலபம். அவர் தரப்பையும் கேட்கவேண்டும். அவரும் பெரிய ஆட்டக்காரராக இருந்து பயிற்சியாளரானவர். முகமூடி போட்டால் காலடியில் கிடக்கிற பக் தெரியாமல் போகும் என்று பயந்தார். அது நியாயமான பயம்தான், பெனடிக்ட்டுக்கு நடந்ததும் அதுதானே. இரண்டாவது காரணம்தான் வேறு மாதிரி. முகத்துக்குப் பாதுகாப்பு இருந்தால் கோல்கீப்பருக்குக் கவனம் குறைந்துவிடும், அடிபடும் என்ற பயம் இருந்தால்தான் விழிப்பாக இருப்பான் என்பது அன்றைக்குப் பரவலாக இருந்த நம்பிக்கை. அதோடு, முகமூடி போடுகிறவன் கோழை என்ற பேச்சு. ரசிகர்கள் பேசினார்கள், பத்திரிகைகள் எழுதின. மற்ற கோல்கீப்பர்களில் சிலரே அப்படிச் சொன்னார்கள்.

இந்தக் கடைசி விஷயம்தான் என்னை ரொம்ப யோசிக்க வைத்தது. அடிபடுகிறவர்களே ஏன் எதிர்த்தார்கள்?

சிகாகோவின் கிளென் ஹால் 1955லிருந்து 1962 வரை, ஓர் ஆட்டம்கூட விடாமல், தொடர்ந்து 502 ஆட்டம் ஆடினார். முகமூடி இல்லாமல். அந்தச் சாதனையை இதுவரை யாரும் நெருங்கவில்லை. அதே ஹால், ஆட்டத்துக்கு முன்னால் பதற்றத்தில் வாந்தி எடுப்பது வழக்கம். டெட்ராய்ட்டில் புகழ்பெற்ற டெர்ரி சாச்சக்கின் முகத்தில் அத்தனை வருடமும் போட்ட தையல்களை, ஒப்பனைக் கலைஞரை வைத்து ஒரே முகத்தில் வரைந்து, 1966இல் லைஃப் பத்திரிகை ஒரு படம் போட்டது. பார்த்தால் சாப்பாடு இறங்காது. தையல் 400க்கும் மேல்.

இவர்களுக்குப் பயம் இல்லை என்று யாரும் சொல்ல முடியாது. ஆனால் ஆறே இடம் உள்ள தொழிலில், 'எனக்குப் பயமாக இருக்கிறது, முகமூடி வேண்டும்' என்று சொன்னால், வாசலில் நிற்கிற ஏழாவது ஆள் 'எனக்கு வேண்டாம்' என்று சொல்லிவிட்டு உள்ளே வந்துவிடுவான். ஏழாவது ஆள் அப்படிச் சொல்வான் என்பது ஆறு பேருக்கும் தெரியும், முதலாளிக்கும் தெரியும். சேர்ந்து கேட்கலாமே என்றால், அதற்கும் ஒரு கதை இருக்கிறது. 1957இல் டெட் லிண்ட்சே என்ற டெட்ராய்ட் வீரர் ஆட்டக்காரர்களுக்குச் சங்கம் அமைக்க முயன்றார். அவரை அணி உடனே சிகாகோவுக்குத் தள்ளிவிட்டது. சங்கம் கலைந்தது. நிலையான சங்கம் வந்தது 1967இல்தான்.

தைரியம் என்று எல்லோரும் பேசிக்கொண்டிருந்த விஷயத்துக்கு அடியில் இருந்தது இந்தக் கணக்குதான்.

1959 நவம்பர் 1

நியூயார்க், பழைய மேடிசன் ஸ்கொயர் கார்டன். மாண்ட்ரியாலும் ரேஞ்சர்ஸும். ஆட்டம் தொடங்கி மூன்று நிமிடம் போலத்தான் ஆகியிருக்கும். ரேஞ்சர்ஸின் ஆண்டி பாத்கேட் அடித்த பக் நேராக பிளான்ட்டின் முகத்தில். மூக்குப் பக்கம் கிழிந்து ரத்தம் கொட்டியது. முகத்தைத் துணியால் பொத்திக்கொண்டு உள்ளே போனார். பல வருடம் கழித்து பாத்கேட், தான் வேண்டுமென்றேதான் முகத்தைப் பார்த்து அடித்ததாகச் சொன்னார். சற்று முன்னால் பிளான்ட் தன்னைச் சுவரில் விழ வைத்த கோபமாம்.

உள்ளே மருத்துவர் தையல் போட்டார். வழக்கப்படி, முடிந்ததும் எழுந்து வெளியே போகவேண்டும். வெளியே 15,000க்கும் மேல் கூட்டம் காத்திருக்கிறது. பிளான்ட் பிளேக்கிடம் சொன்னார், முகமூடி இல்லாமல் வரமாட்டேன் என்று.

இப்போது பிளேக் நிலையில் நின்று பாருங்கள். பெஞ்சில் வேறு கோல்கீப்பர் கிடையாது. இருப்பது நியூயார்க்காரர்கள் கைவசம் வைத்திருக்கும் ஓர் அமெச்சூர். தன் அணி நான்கு வருடமாகத் தொடர்ந்து கோப்பை வென்ற அணி. எதிரே உட்கார்ந்திருப்பவர் அந்த நான்கு வருடமும் வெசினா வாங்கிய ஆள்.

செலவு மிச்சம் என்று ஒற்றை கோல்கீப்பரை வைத்து ஓட்டிய ஏற்பாடு, அதுநாள்வரை கோல்கீப்பரைத்தான் நசுக்கியது. அடிபட்டாலும் அவன்தான் திரும்பி வந்தாகவேண்டும். அன்றைக்கு ராத்திரி, அந்த ஒரு அறைக்குள், அதே ஏற்பாடு திருப்பிக்கொண்டது. மாற்று இல்லை என்றால், இருக்கிறவன் சொல்வதுதான் நடக்கும். பிளான்ட்டுக்கு இது தெரிந்திருந்தது. தொப்பியை விட்டுக்கொடுத்த அதே ஆள், ஏழு வருடம் கழித்து, இதை விட்டுக்கொடுக்கவில்லை.

பிளேக் ஒத்துக்கொண்டார். காயம் ஆறும்வரை மட்டும் என்று.

வெள்ளை முகமூடியோடு பிளான்ட் வெளியே வந்தார். மாண்ட்ரியால் 3-1 என்று வென்றது. அடுத்த ஆட்டத்திலும் போட்டார், அதற்கடுத்ததிலும் போட்டார். அணி தோற்கவே இல்லை. தோற்காதவரை பிளேக்காலும் ஒன்றும் சொல்ல முடியவில்லை. காயம் ஆறியது, முகமூடி கழலவில்லை.

1960 மார்ச்சில், பிளேக் கேட்டுக்கொண்டார் என்பதற்காக, டெட்ராய்ட்டுக்கு எதிராக ஒரே ஓர் ஆட்டம் வெறும் முகத்தோடு ஆடினார். 3-0 என்று தோற்றார்கள். மறுபடி மாட்டிக்கொண்டார். அந்த வருடக் கோப்பைச் சுற்றில் மாண்ட்ரியால் எட்டு ஆட்டம் ஆடி எட்டையும் வென்று ஐந்தாவது கோப்பையை எடுத்தது. அதற்குமேல் பேச்சு எடுபடவில்லை.

முகமூடி போடுவது பயத்தைக் காட்டவில்லையா என்று கேட்டவர்களுக்கு அவர் சொன்ன பதில் பிரபலம். பாராசூட் இல்லாமல் விமானத்திலிருந்து குதிக்கிறவனைத் தைரியசாலி என்பீர்களா என்று திருப்பிக் கேட்டாராம்.

ஒருவர் கேட்டு வாங்கியது

அதே 1959 டிசம்பரில் பாஸ்டனின் டான் சிம்மன்ஸ் போட்டார். 1962இல் சாச்சக் போட்டார். மெல்ல மெல்ல மற்றவர்கள். இடையில் ஆட்டமும் மாறிக்கொண்டிருந்தது. மட்டையை முதுகுக்குப் பின்னால் ஓங்கி அடிக்கிற அடி பரவியது, அறுபதுகளில் வளைந்த மட்டையும் சேர்ந்துகொண்டது. பக் எப்போது எங்கே திரும்பும் என்று சொல்ல முடியாத நிலை. முகமூடி இல்லாமல் ஆடிய கடைசி என்.எச்.எல். கோல்கீப்பர் ஆண்டி பிரவுன், 1974 ஏப்ரலில். ஒரு நல்ல விஷயம் கைக்கு வந்தபிறகும், எல்லோர் முகத்துக்கும் போய்ச்சேர 15 வருடம்.

பிளான்ட் இதற்கு விலை கொடுத்தாரா? முகமூடியால்தான் என்று என்னால் சொல்ல முடியாது. ஆனால் ஆஸ்துமா, முழங்கால், முகமூடி என்று எதையாவது சொல்லிக்கொண்டே இருக்கிறவர் என்ற பெயர் பிளேக்கிடம் நிலைத்துவிட்டது. 1962இல் அவர்தான் லீகின் மிகச் சிறந்த ஆட்டக்காரருக்கான ஹார்ட் விருதை வாங்கினார். கோல்கீப்பருக்கு அது கிடைப்பது அபூர்வம். அடுத்த வருடமே, 1963இல், மாண்ட்ரியால் அவரை நியூயார்க்குக்குக் கொடுத்துவிட்டது. பதிலுக்கு வாங்கியவர்களில் ஒருவர் கம்ப் வொர்ஸ்லி, முகமூடியே வேண்டாம் என்று கடைசி சீசன்வரை அடம்பிடித்த கோல்கீப்பர்! நியூயார்க்கில் பிளான்ட்டுக்குச் சரிப்படவில்லை. 1965இல் ஓய்வு.

கதை அங்கே முடியவில்லை. 1967இல் லீக் பன்னிரண்டு அணிகளாக விரிந்தது. அதற்குள் ஒவ்வோர் அணியும் இரண்டு கோல்கீப்பரை உடையணிந்து தயாராக வைத்திருக்கவேண்டும் என்ற விதியும் வந்திருந்தது. ஆறு வேலை இருபத்திநாலு வேலையானது. 1968இல் 39 வயது பிளான்ட்டை செயின்ட் லூயிஸ் அணி கூப்பிட்டது. அங்கே கூட இருந்தவர் யார் தெரியுமா? கிளென் ஹால். 502 ஆட்டக்காரர். முதல் சீசனிலேயே இருவரும் சேர்ந்து வெசினா விருதைப் பகிர்ந்துகொண்டார்கள். பிளான்ட்டுக்கு அது ஏழாவது. அந்தக் காலகட்டத்தில்தான் ஹாலும் முகமூடி போட ஆரம்பித்தார்.

1970 இறுதிப் போட்டியின் முதல் ஆட்டம். பாஸ்டனின் ஃப்ரெட் ஸ்டான்ஃபீல்ட் அடித்த பக், வழியில் ஒரு மட்டையில் பட்டுத் திரும்பி பிளான்ட்டின் முகமூடியில் மோதியது. முகமூடி விரிசல் விட்டது. நினைவிழந்து விழுந்தார். நினைவு வந்தபின் அவர் சொன்னது, இது இல்லாவிட்டால் செத்திருப்பேன் என்று. பதினோரு வருடத்துக்கு முன் அந்த அறையில் அவர் சரி என்று எழுந்து போயிருந்தால், அந்த அடி வெறும் நெற்றியில் விழுந்திருக்கும்.

அதற்கடுத்த சீசனில் டொராண்டோவுக்காக ஆடினார். வயது 42. ஆட்டத்துக்குச் சராசரியாக அவர் வாங்கிய கோல் 1.88. லீகிலேயே சிறந்த கணக்கு. முகமூடி தயாரிக்கிற நிறுவனமும் தொடங்கினார், கோல்கீப்பிங் பற்றிப் புத்தகமும் எழுதினார்.

1972இல் கனடாவும் சோவியத் யூனியனும் மோதிய பெரிய தொடர். முதல் ஆட்டம் மாண்ட்ரியாலில். ஆட்டத்துக்கு முன்னால் பிளான்ட் ஒரு மொழிபெயர்ப்பாளரோடு எதிரணி அறைக்குப் போனார். இருபது வயது சோவியத் கோல்கீப்பர் விளாடிஸ்லாவ் ட்ரெட்டியாக்குக்கு, கனடாவின் ஒவ்வொரு முன்வரிசை ஆட்டக்காரரும் எப்படி அடிப்பார், எப்படி நிற்கவேண்டும் என்று படம் போட்டு விளக்கினார். பையன் இன்று அடிவாங்கப் போகிறான் என்ற பரிதாபத்தில் செய்தாராம். அன்றைக்கு சோவியத் 7-3 என்று ஜெயித்தது. இதைச் சொன்னவர் ட்ரெட்டியாக்கேதான், பின்னாளில் நன்றியோடு. எந்த நாட்டுக்காரனாக இருந்தாலும் கோலில் நிற்கிறவன் தன் ஆள் என்று பிளான்ட்டுக்குத் தோன்றியிருக்கவேண்டும்.

1975இல் முழுதாக ஓய்வு பெற்றார். என்.எச்.எல்.லில் 437 வெற்றி. எதிரணியை ஒரு கோல்கூடப் போடவிடாத ஆட்டங்கள் 82. 1978இல் ஹாக்கி புகழ்க்கூடத்தில் சேர்த்தார்கள். கடைசிக் காலம் சுவிட்சர்லாந்தில். 1986 பிப்ரவரியில், வயிற்றுப் புற்றுநோயால், ஜெனீவாவில் காலமானார். 57 வயது.

ஸ்லைடைத் திருத்தினேன்

இது ஹாக்கிக்கு மட்டும் உள்ள கதை இல்லை. நமக்குத் தெரிந்த கிரிக்கெட்டையே எடுங்கள். 1962இல் பார்படாஸில் சார்லி கிரிஃபித் வீசிய பந்து இந்தியக் கேப்டன் நாரி கான்ட்ராக்டரின் மண்டையை உடைத்தது. பிழைத்ததே பெரிது. அதற்கப்புறமும், 1978இல் கிரஹாம் யாலப் ஒரு டெஸ்டில் ஹெல்மெட் போடும்வரை, பதினாறு வருடம் எல்லோரும் வெறும் தலையோடோ தொப்பியோடோதான் ஆடினார்கள். தலையைக் காக்க ஒரு கவசம் செய்வது அத்தனை வருடம் யாருக்கும் தெரியாமலா இருந்தது?

இந்தக் கதையைப் படித்ததிலிருந்து, ஒரு நல்ல விஷயம் ஏன் இவ்வளவு தாமதமாக வந்தது என்று யாராவது கேட்டால், 'யாருக்கும் தோன்றவில்லை' என்ற பதிலை நான் நம்புவதில்லை. தோன்றியிருக்கும். செய்தும் வைத்திருப்பார்கள். எங்கோ ஓர் அறையில் மூலையில் கிடக்கும். அதைக் கேட்கவேண்டியவன் கேட்டால் அவன் வேலை போகும், அதனால் கேட்டிருக்கமாட்டான். வேலை போகாத ஒருவன் கேட்கிறவரை அது அங்கேயே கிடக்கும்.

பிளான்ட்டை நான் குறைத்துச் சொல்லவில்லை. அவர் உலகத்தின் சிறந்த கோல்கீப்பர், அன்றைக்கு அவரை யாராலும் விலக்க முடியாது. உண்மைதான். ஆனால் அவரைப் போலவே விலக்க முடியாத இடத்தில் இருந்த வேறு கோல்கீப்பர்கள் அதற்கு முன்னாலும் இருந்தார்கள். தன் நிலை பலமாக இருந்த ஒரு ராத்திரியில், அதைத் தனக்குச் சம்பள உயர்வாக மாற்றிக்கொள்ளாமல், பின்னால் வருகிற அத்தனை பேரும் போட்டுக்கொள்ளக்கூடிய ஒன்றாக மாற்றினார். ஏழாவது ஆளாக வரிசையில் நின்றவனும் அதற்கப்புறம் கோழை என்று பெயர் வாங்காமல் முகமூடி போடலாம்.

அந்தப் பேச்சை இப்போதும் வருடம் ஒருமுறை கொடுக்கிறேன். படம் அதேதான். கீழே இருந்த வரியை மாற்றிவிட்டேன்: 'பில் பர்ச்மோர் செய்தார். ஜாக் பிளான்ட் போட்டுக்கொண்டுதான் வருவேன் என்றார். 1959.' தலைப்பிலிருந்து 'புதுமை' என்ற வார்த்தையையும் எடுத்துவிட்டேன். அதற்குப் பதில் என்ன போடுவது என்று இன்னும் தோன்றவில்லை, இப்போதைக்குத் தலைப்பு இல்லாமலே ஓடுகிறது.